சிவப்புச் சீட்டு

ஆடிப்பட்டம் தேடி விதை என்றது
ஜுபைலுக்குச் சொன்னதல்ல.
இங்கே ஆடியில் விதைத்தால்
அவிந்துதான் போகும்.
ஆடியில் நான் மண்ணைப் போர்த்தி வைத்தேன்.
நனைத்து, நிரவி,
லோடு மூடி வந்த கண்ணாடி பிளாஸ்டிக்கை
இழுத்து விரித்து
ஓரமெல்லாம் செங்கல் பாரம் வைத்து
ஆறு வாரம்.
பூஞ்சணம், நூற்புழு, களைவிதை
எல்லாம் உள்ளேயே வேகட்டும்.
பதினெட்டு வருஷமாய் என்னை வேலை வாங்கிய வெயிலை
ஒருமுறை நான் வாங்கினேன்.

போன வருஷம் தக்காளி நின்ற பாத்தியைத் தொடவில்லை.
அண்ணன் தம்பிக்கு
அநேகமாய் ஒரே வியாதி.

கேம்ப்பில் ஏழாம் பிளாக்கின் பின்சுவர்.
பதினாலு ஏசி, பதினாலு குழாய்,
அடியில் என் வாளிகள்.
டாங்கர் தண்ணீரில் உப்பு, இலையோரம் கருகும்.
யாரோ தூங்கிய குளிரிலிருந்து சொட்டுகிற தண்ணீரில்
உப்பில்லை.

சாரம் சரிபார்ப்பது என் உத்தியோகம்.
பச்சைச் சீட்டு மாட்டினால் ஏறலாம்.
சிவப்பு என்றால் கால் வைக்காதே.
கிளாம்ப் தளர்ந்ததை
ஆள் விழுந்தபின் கண்டுபிடிக்க
எந்தக் கம்பெனியும் சம்பளம் தராது.

அதே கண்தான் விடிகாலை நாலேகாலுக்கு
டார்ச்சோடு இலைகளுக்கு அடியில் போகும்.
கத்தரி தன் புகாரை
மேல்பக்கம் எழுதுவதே இல்லை.
லேசாகத் தட்டினால்
சாம்பல் போல் எழும்பும் வெள்ளை ஈ.
அதற்கு, கைப்பிடிக் கம்பிக்கு அடித்து மிஞ்சிய
மஞ்சள் பெயிண்ட் பூசிய தகர மூடி,
மேலே கிரீஸ்.
மஞ்சளென்றால் அதற்கு ஆசை. எனக்கு அதுவே சௌகரியம்.

தமாம் விமான நிலையத்தில்
வேப்பெண்ணெய் பாட்டிலைத் தூக்கிப் பார்த்து
தலைக்கா என்று கேட்டார் அதிகாரி.
தலைக்குத்தான் என்றேன்.
சோப்புக் கரைசலில் கலந்து
வெயில் தாழ்ந்தபின் தெளிக்கிறேன்.
மத்தியானம் தெளித்தால்
பூச்சிக்கு முன்னால் இலை சாகும்.

பக்கத்துக் கட்டில் மொக்லெசூருக்கு
நேர்ப்பார்வையே போதும்.
பத்து மணிக்கு ஒரு நுனி மட்டும் தலை தொங்கினால்
மூன்று விரல் கீழே கிள்ளிப் பிளந்து
இளஞ்சிவப்புப் புழுவைக் காட்டுவான்.
பேகுன் பேகுன் என்று அவன் பதற,
கத்தரி கத்தரி என்று நான் திட்ட,
சோப்புத் தண்ணீரில் விழுகிறது
இரண்டு பாஷையும் தெரியாத புழு.

ஐந்தாம் செடிதான் அழகு.
துடைப்பம் போல் அடர்ந்து,
கறிவேப்பிலை அளவே இலையாகி,
போகிற வருகிறவரெல்லாம் மெச்சினார்கள்.
பூ மட்டும் இல்லை.
சிற்றிலை நோய்.
தத்துப்பூச்சி கொண்டுவந்து இறக்குவது.
மருந்து கிடையாது, பிடுங்கத்தான் வேண்டும்.
வியாழக்கிழமை அதன் கழுத்தில்
நிஜமான சிவப்புச் சீட்டே கட்டினேன்.
வெள்ளிக்கிழமை லீவு.
சனிக்கிழமை ஓவர்டைம்.
அடுத்த வெள்ளிக்கு
பக்கத்தில் இரண்டு செடி இலை சுருங்கி நின்றது.

ஒருதரம் ஒரு கிளாம்புக்கு
சாப்பிட்டுவிட்டுப் பார்க்கலாம் என்றேன்.
சாப்பிட்டுவிட்டு வந்தேன்.
அதற்குமேல் இங்கே எழுத மாட்டேன்.

மூன்றையும் வேரோடு இழுத்தபோது
மொக்லெசூர் கறுப்புப் பையை விரித்துப் பிடித்தான்.
ஓர் இலைகூட சிந்தாமல்
வாய் கட்டி
குப்பை லாரியின் வயிற்றில் வைத்துவிட்டு
சோப்புப் போட்டுக் கை கழுவினோம்.
அன்று இருவரும்
அதிகம் பேசவில்லை.

மிச்சம் ஒன்பது.
கார்த்திகை பிறந்து நான்காம் நாள்
முதல் காய்.
ஊதா, எண்ணெய் தடவியது போல் மினுக்கு,
காம்புக்குக் கீழே
ஊசி குத்தியது போல் ஒரு துளை.
இவ்வளவு செய்தும்.

அவன் துளையைச் சுற்றி அரிந்து எறிந்துவிட்டு
மீதியைக் கடுகெண்ணெயில் வதக்கினான்.
நல்ல பிஞ்சு என்றான் மென்றுகொண்டே,
புழுவுக்கு
நாக்கு இருக்கிறது.